பதினான்காம் நம்பர் பாஸ் செய்த தாள்

ஒன்பது வருடமாக என் வீட்டுக்காரர் ஊரெல்லாம் பீற்றிக்கொண்ட பெருமை ஒன்றே ஒன்றுதான்: எங்கள் வீட்டுக்கடனின் மாதத் தவணை ஒரு காசுகூட ஏறவில்லை. பால் விலை ஏறியது, பஸ் கட்டணம் ஏறியது, மகளின் படிப்புச் செலவு ஏறியதைப் பற்றிப் பேசவே வேண்டாம். தவணை மட்டும் கடன் வாங்கிய மாதம் எவ்வளவோ அவ்வளவேதான், பதினேழாயிரத்து முன்னூற்று ஐம்பத்தாறு. யாராவது விலைவாசி என்று வாயைத் திறந்தால் போதும், இவர் தொண்டையைச் செருமிக்கொள்வார். அடுத்து என்ன வரும் என்று தெரிந்து நான் தண்ணீர் குடிக்க எழுந்து போய்விடுவேன்.

இவர் ஒரு சட்டைத் தொழிற்சாலையில் கட்டிங் மாஸ்டர். எண்பது அடுக்குத் துணியை ஒன்றின்மேல் ஒன்றாக விரித்து, அளவுத்தாளை மேலே போட்டு, ஒரே வீச்சில் வெட்டுகிற வேலை. தாளைக் கொஞ்சம் திருப்பிப் போட்டு, இரண்டு கைத்துண்டுகளுக்கு நடுவில் ஒரு காலரை நுழைத்து, அரை இஞ்ச் துணி மிச்சம் பிடித்துவிட்டால் அன்றைக்கு முழுக்க மனிதர் சிரித்த முகமாக இருப்பார். அதனால் இவருக்கு 'அரையிஞ்ச் மாஸ்டர்' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். கோபப்பட மாட்டார். உள்ளுக்குள் அவருக்கு அந்தப் பெயர் பிடிக்கும்.

நான் அதே தொழிற்சாலையில் செக்கர். தைத்து முடித்த சட்டைகள் என் மேசைக்கு வரும். ஒரு சட்டைக்கு நாற்பது நொடி. காலர், கைப்பட்டி, பொத்தான் துளை, பக்கத் தையல், கீழ் மடிப்பு என்று ஒரே ஒழுங்கில் கை ஓடும், கண் பின்னாலேயே ஓடும். குறை இருந்தால் அந்த இடத்தில் ஒரு சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒட்டுவேன். இல்லையென்றால் அட்டையில் கையெழுத்துப் போட்டு, பக்கத்தில் என் நம்பர் பதினான்கை எழுதுவேன். அதற்குப் பெயர் பாஸ். பாஸ் ஆன சட்டை திரும்பி வந்தால், தைத்தவரைக் கேட்க மாட்டார்கள், நம்பர் போட்டவரைத்தான் கேட்பார்கள். பதினோரு வருடத்தில் என் நம்பர் போட்ட சட்டைகள் மூன்றே மூன்றுதான் திரும்பி வந்திருக்கின்றன. அதில் எனக்குத் தலைக்கனம் உண்டு, மறைப்பானேன்.

வீடு வாங்கிய புதிதில் இவர் ஒரு வெள்ளைத் துணியில் பென்சிலால் கட்டம் போட்டுக் கொடுத்தார். குறுக்கே பன்னிரண்டு, நெடுக்கே இருபது, ஒவ்வொன்றும் சரியாக ஒரு இஞ்ச். மொத்தம் இருநூற்று நாற்பது கட்டம், இருபது வருடத் தவணை. அதை அலமாரிக் கதவின் உட்பக்கத்தில் நான்கு ஊசியால் குத்தி வைத்தோம். தவணை கட்டுகிற ஒவ்வொரு ஐந்தாம் தேதியும் நான் ஒரு கட்டத்தில் சிவப்பு நூலால் ஒரு பெருக்கல் குறி தைப்பேன். ஒன்பது வரிசை சிவப்பாகிவிட்டது. இன்னும் நூற்று முப்பத்திரண்டு கட்டம். இவருக்கு இப்போது நாற்பத்தெட்டு வயது. கடைசிக் கட்டத்தைத் தைக்கும்போது ஐம்பத்தொன்பது முடியும். அறுபதில் தொழிற்சாலை வீட்டுக்கு அனுப்பிவிடும். ஒரு வருடம் கையில் இருக்கிறது என்று நான் அந்தத் துணியைப் பார்க்கும்போதெல்லாம் கணக்குப் பண்ணிக்கொள்வேன், மனசு குளிர்ந்துவிடும்.

என்னிடம் இன்னொரு கணக்கும் இருந்தது. கடன் வாங்கிய அதே மாதம், அதே வங்கியில், மாதம் இரண்டாயிரத்து நூறு கட்டுகிற சேமிப்பு ஒன்றைத் தொடங்கினேன். அது கடைக்கான பணம். எங்கள் தெருமுனையில் சாவி வெட்டிக் கொடுப்பவர் கடையைக் காலி செய்யப்போகிறார் என்பது ஒரு வருடமாகவே தெரியும். பத்துக்குப் பன்னிரண்டு அடி, நல்ல வெளிச்சம். இரண்டு தையல் மிஷின், ஓரம் அடிக்கிற மிஷின் ஒன்று, கடை உரிமையாளருக்கு முன்பணம், எல்லாம் சேர்த்து மூன்று லட்சம். பதினோரு வருடம் நின்றே வேலை பார்த்து என் குதிகால் இரண்டும் போய்விட்டன. உட்கார்ந்து வேலை செய்ய வேண்டும், அடுத்தவர் தைத்ததைப் பார்க்காமல் நானே தைக்க வேண்டும். ஆசை அவ்வளவுதான். சேமிப்பு இந்த மாதம் முதிர்ந்தது. மாதக் கடைசியோடு நின்றுகொள்கிறேன் என்று தொழிற்சாலையில் கடிதம் கொடுத்துவிட்டேன். சாயங்காலம் நாலு மணிக்கு முன்பணம் தருகிறேன் என்று கடை உரிமையாளரிடம் சொல்லிவிட்டு, காலையில் பத்து மணிக்கு வங்கிக்குப் போனேன்.

டெபாசிட் கவுன்டரில் இருந்தவர் என் சேமிப்புப் புத்தகத்தைப் பார்த்து இரண்டு லட்சத்துத் தொண்ணூற்றொன்பதாயிரத்து எழுநூற்று ஐம்பத்து நாலு என்றார். மூன்று லட்சத்துக்கு இருநூற்று நாற்பத்தாறு குறைகிறது, பரவாயில்லை, அதைப் பர்ஸிலிருந்து போட்டுக்கொள்ளலாம் என்று நினைத்தேன். இதே வங்கியில் கடன் இருப்பதால், தவணை ஒழுங்காகக் கட்டியிருப்பதாகக் கடன் பிரிவில் ஒரு சீட்டு வாங்கி வரச் சொன்னார். இதற்கென்ன, நூற்றெட்டுத் தவணையில் ஒன்றுகூடத் தவறாதவள் நான். தலையை நிமிர்த்திக்கொண்டே கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் போனேன்.

அங்கே இருந்த பெண்ணுக்கு என் மகளைவிட ஐந்தாறு வயது கூட இருக்கலாம். மேசை ஓரத்தில் சாப்பாட்டு டப்பா, கம்ப்யூட்டரில் ஒரு குட்டிப் பூனைப் படம். கடன் எண்ணைக் கேட்டாள், தட்டினாள், ஒரு தாள் அச்சாகி வந்தது. என்னிடம் நீட்டினாள். தாளை வாங்கினால் மேலிருந்து கீழாக ஒரு ஓட்டம் பார்க்கிறது என் கண்ணின் வழக்கம். நடுவில் ஒரு வரியில் கண் நின்றது. பாக்கித் தவணைகள்: நூற்றுத் தொண்ணூற்றொன்று.

எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. பர்ஸில் எப்போதும் நாலைந்து சிவப்பு அம்பு கிடக்கும். ஒன்றை எடுத்து அந்த எண்ணுக்கு நேராக ஒட்டி, தாளை அவளிடமே திருப்பிக் கொடுத்து, தப்பாக அடித்திருக்கிறது, நூற்று முப்பத்திரண்டு என்று திருத்துங்கள் என்றேன். அவள் அம்பைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், கம்ப்யூட்டரைப் பார்த்தாள்.

"தப்பு இல்லீங்க அக்கா. நூத்தித் தொண்ணூத்தி ஒண்ணுதான்."

கம்ப்யூட்டருக்குத் தலை கிறுக்குப் பிடித்திருக்கும் என்று சொன்னேன். இருநூற்று நாற்பதில் நூற்றெட்டுப் போனால் எத்தனை என்று ஒன்றாம் வகுப்புப் பிள்ளையிடம் கேட்பதுபோல் கேட்டேன். அவள் கோபப்படவில்லை. கூட வீட்டுக்காரர் பெயரும் கடனில் இருக்கிறதே, அவரையும் வரச் சொல்ல முடியுமா என்றாள். அந்தக் குரலில் இருந்த மரியாதைதான் என்னை முதன்முதலாகப் பயமுறுத்தியது. டாக்டர்கள் அப்படித்தான் பேசுவார்கள்.

இவர் அரை மணி நேரத்தில் வந்தார். தலையெல்லாம் துணிப் பஞ்சு, கழுத்தில் இஞ்ச் டேப், வெட்டும்போது கையில் மாட்டுகிற கம்பி உறையைக் கழற்றக்கூட மறந்து அப்படியே வந்திருந்தார். நான் அவரிடம் சீட்டைக் காட்டினேன். அவரும் முதலில் சிரித்தார். தொண்டையைச் செருமிக்கொண்டு, தவணை ஒரு காசுகூட ஏறாத கடன் இது என்று அந்தப் பெண்ணிடமே ஆரம்பித்தார்.

"தவணை ஏறலை சார். அதனாலதான் மாசம் ஏறிடுச்சு."

அவள் ஒரு வெள்ளைத்தாளை எடுத்து, பென்சிலால் எழுதி எழுதிக் காட்டினாள். நாங்கள் வாங்கியது இருபது லட்சம், எட்டரை வட்டி, ஆனால் மாறுகிற வட்டி. இரண்டு வருடம் முடிந்தபோது வட்டி பத்தாகிவிட்டது. மாதாமாதம் நாங்கள் கட்டுவதில் வங்கி முதலில் வட்டியை எடுத்துக்கொள்ளும், மிச்சம்தான் அசலில் கழியும். பத்து வட்டிக்கு அந்த மாத வட்டி மட்டுமே பதினைந்தாயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்து நாலு. நாங்கள் கட்டிய பதினேழாயிரத்து முன்னூற்று ஐம்பத்தாறில் அசலுக்குப் போனது ஆயிரத்து முன்னூற்று எண்பத்திரண்டு.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எங்கள் வீட்டுப் பால் பில்லே அதைவிட அதிகம்.

அவ்வளவு கொஞ்சமாகக் கழிந்தால் கடன் எப்போது தீரும் என்று இவர் மெதுவாகக் கேட்டார். அவள் பழைய கணக்கைத் திறந்து ஒரு வரியைக் காட்டினாள். இரண்டு வருடம் கட்டி முடித்த மாதம். அன்றைக்குப் பாக்கி இருநூற்றுப் பதினாறு மாதம் இருந்திருக்க வேண்டும். அந்த இடத்தில் முன்னூற்றைந்து என்று இருந்தது. நான் கண்ணைக் கசக்கிக்கொண்டு மறுபடி பார்த்தேன். முன்னூற்றைந்துதான். இருபத்து நாலு மாதம் வயிற்றைக் கட்டி வாயைக் கட்டிக் கட்டியிருக்கிறோம், பாக்கி கடன் வாங்கிய அன்றைவிட அறுபத்தைந்து மாதம் கூடியிருக்கிறது.

அதற்கு மூன்று வருடம் கழித்து வட்டி ஒன்பதரைக்கு இறங்கியிருக்கிறது. நல்ல செய்தி என்று நினைத்து அந்த வரிக்குப் போனேன். ஐந்து வருடம் கட்டி முடித்த நாள். பாக்கி: இருநூற்று முப்பத்தொன்பது. முதல் நாள் இருநூற்று நாற்பது. ஐந்து வருடம், அறுபது தவணை, அறுபது சிவப்பு நூல் குறி, அதில் வங்கி கணக்கில் எடுத்துக்கொண்டது ஒன்றே ஒன்று. காய்ச்சலோடு வேலைக்குப் போன மாதங்கள் நினைவுக்கு வந்தன. மகள் சுற்றுலா போகிறேன் என்று அழுதபோது, தவணை வருகிறதே என்று சொல்லி நிறுத்திய மாதம் நினைவுக்கு வந்தது. அந்த மாதமும் இந்த அறுபதுக்குள்தான் இருக்கிறது.

இவர் இஞ்ச் டேப்பைக் கையில் சுற்றுவதும் விடுவதுமாக இருந்தார். இதுவரை நாங்கள் மொத்தம் எவ்வளவு கட்டியிருக்கிறோம், கடன் எவ்வளவு குறைந்திருக்கிறது என்று கேட்டார். கட்டியது பதினெட்டு லட்சத்து எழுபத்து நாலாயிரத்து நானூற்று நாற்பத்தெட்டு. கடன் குறைந்தது இரண்டு லட்சத்துத் தொண்ணூற்று நாலாயிரத்துச் சொச்சம். மிச்சம் பதினைந்து லட்சத்து எண்பதாயிரம் வட்டி. நான் மாதம் இரண்டாயிரத்து நூறு போட்டுச் சேர்த்த பணம்கூட இதைவிட அதிகம். இவர் தவணையில் பாதியளவுக்கு எண்பது அடுக்கு வெட்டியிருப்பார். மீதிப் பாதிக்கு நான் நின்றிருப்பேன். இருவரும் சேர்ந்து ஒன்பது வருடத்தில் வீட்டுக்குச் சேர்த்தது என் சில்லறைச் சேமிப்புக்குக் கீழே நிற்கிறது.

கடைசியில் மொத்தம் எவ்வளவு வரும் என்று நான்தான் கேட்டேன். கேட்காமல் இருந்திருக்கலாம். இருநூற்றுத் தொண்ணூற்றொன்பது தவணை, ஐம்பத்தொரு லட்சத்து எண்பத்தொன்பதாயிரம் என்றாள். வட்டி மாறாமலே இருந்திருந்தாலும் நாற்பத்தொன்றரை லட்சத்துக்கு மேல் கட்டியிருப்போமாம். இருநூற்று நாற்பதையும் பதினேழாயிரத்து முன்னூற்று ஐம்பத்தாறையும் பெருக்கிப் பார்க்க வேண்டும் என்று எங்கள் இரண்டு பேருக்கும் ஒரு நாளாவது தோன்றியிருக்கிறதா? அரை இஞ்ச் துணியை எண்பது அடுக்கால் பெருக்கி மிச்சம் பார்க்கிற மனிதர் இவர்.

"ரெண்டரை வீட்டுக்குக் காசு குடுத்துட்டு ஒரு வீட்ல இருக்கோம். மீதி ஒண்ணரை வீடு எங்கம்மா இருக்கு?" என்று கேட்டேன்.

நான் விடவில்லை. எனக்குப் பொங்கிக்கொண்டு வந்தது. எங்களைக் கேட்காமல் மாதத்தை நீட்ட நீங்கள் யார், படிக்காதவர்கள் என்று நினைத்துக் காதில் பூ சுற்றினீர்களா, இதை இப்படியே விடமாட்டேன் என்று என் குரல் டெபாசிட் கவுன்டர் வரைக்கும் போனது. வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். பிறகு இவர் பக்கம் திரும்பினேன். கடிதம் வந்தால் பிரித்துப் படிப்பது உங்கள் வேலை, என்னதான் படித்தீர்கள் என்று கேட்டேன். தவணைத் தொகையில் மாற்றம் இல்லை என்ற வரியைப் படித்தேன் என்றார். அதற்கடுத்த வரியை? அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

அந்தப் பெண் எழுந்து போய் இரும்பு அலமாரியிலிருந்து ஒரு கோப்பை எடுத்து வந்தாள். ஏழு வருடத்துக்கு முந்தைய தாள் ஒன்றைப் பிரித்து எங்கள் முன் வைத்தாள். வட்டி ஏறியதால் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கவும் என்று இருந்தது. முதல் கட்டம்: காலம் மாறாது, தவணை பத்தொன்பதாயிரத்து நூற்று அறுபத்தாறு ஆகும். இரண்டாம் கட்டம்: தவணை மாறாது, காலம் எண்பத்தொன்பது மாதம் நீட்டிக்கப்படும். இரண்டாம் கட்டத்தில் சரி என்று குறி போட்டிருந்தது. கீழே இவர் கையெழுத்து. அதற்குக் கீழே என் கையெழுத்து. என் கையெழுத்துக்குப் பக்கத்தில், கொஞ்சம் சாய்வாக, பதினான்கு.

"இது என்ன நம்பர்னு எங்களுக்கும் புரியலை அக்கா. கோப்பு பாக்கிறவங்க எல்லாரும் கேப்பாங்க," என்றாள் அவள்.

எனக்குப் புரிந்தது. அந்த நாள் அப்படியே கண்முன் வந்து நின்றது. அவசர ஆர்டர், மேசையில் சட்டை மலையாகக் கிடக்கிறது. இவர் வெட்டும் இடத்திலிருந்து ஓடிவந்து ஒரு தாளை நீட்டுகிறார், வட்டி ஏதோ ஏறியிருக்கிறதாம், தவணை ஏறாமல் இருக்க ஒரு கையெழுத்து வேண்டும் என்கிறார். தவணை ஒரு காசு ஏறக்கூடாது, ஏறினால் நான் மனுஷியாக இருக்க மாட்டேன் என்று சொன்னது நான். இரண்டு சட்டைக்கு நடுவில் அந்தத் தாளை வாங்கி, கையெழுத்துப் போட்டு, பழக்கதோஷத்தில் நம்பரையும் போட்டுத் தள்ளிவிட்டேன். நாற்பது நொடிகூட ஆகியிருக்காது. ஒரு பொத்தான் துளைக்குக் கொடுக்கிற கவனத்தை அந்தத் தாளுக்கு நான் கொடுக்கவில்லை. எண்பத்தொன்பது மாதம் என்று எழுத்தில், எண்ணில், கறுப்பு மையில் இருக்கிறது. நான் பாஸ் செய்திருக்கிறேன்.

கத்திய வாயை எங்கே கொண்டுபோய் வைப்பது என்று தெரியவில்லை. அவமானத்தில் காது இரண்டும் எரிந்தன. மாதம் ஆயிரத்து எண்ணூற்றுப் பத்தை மிச்சம் பிடிக்கப் போய், வட்டி பிறகு இறங்கியும்கூட ஐம்பத்தொன்பது தவணையைக் கூடுதலாகத் தலையில் ஏற்றிக்கொண்டிருக்கிறோம். பத்து லட்சத்துக்கு மேல். அந்த ஆயிரத்து எண்ணூறு என் கையில் இருந்தது. நான்தான் அதை இதே வங்கியில் மூன்றாவது கவுன்டரில் கொடுத்துக்கொண்டிருந்தேன். அங்கே அவர்கள் எனக்குத் தந்த வட்டி ஆறு. இருபதடி தள்ளி, இந்தக் கண்ணாடிக்குப் பின்னால், என்னிடம் வாங்கிய வட்டி ஒன்பதரை.

இப்போது என்ன செய்யலாம் என்று இவர் கேட்டார். அந்தப் பெண் நல்ல பெண். மேலதிகாரி அறைப்பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திச் சொன்னாள். பழையபடி இருபது வருடத்திலேயே முடிக்க, தவணையை மூவாயிரத்து ஐநூறு ஏற்றலாம். கடை போட்டால் முதல் வருடம் என் கைக்குச் சம்பளமே வராது, அதில் எங்கே ஏற்றுவது. இல்லையென்றால் மொத்தமாக ஒரு தொகையை அசலில் கட்டலாம். அது முழுக்க அசலிலேயே கழியும். எவ்வளவு இருந்தால் எவ்வளவு குறையும் என்று இவர் கேட்டார். நான் கேட்கவில்லை. பதில் என்னவாக இருக்கும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

"மூணு லட்சம் கட்டினா, தவணை இதே இருக்கட்டும், நூத்தி முப்பது மாசத்துல முடிஞ்சிரும்."

நூற்றுத் தொண்ணூற்றொன்று நூற்று முப்பதாகிவிடும். அறுபத்தொரு மாதம், மூன்று லட்சத்துக்கு. இவர் சட்டென்று என் கையைப் பிடித்தார். கம்பி உறை போட்ட கை, சில்லென்று இருந்தது.

"நீ கடையைப் போடு. நான் பாத்துக்கறேன்," என்றார்.

எப்படிப் பார்த்துக்கொள்வார்? தவணை முடியும்போது இவருக்கு அறுபத்து நாலு. தொழிற்சாலை அறுபதிலேயே வெளியே அனுப்பிவிடும். மிச்ச நாலு வருடத்துக்கு எங்கே போய் வெட்டுவார்? இப்போதே பென்சில் கோடு சரியாகத் தெரியாமல், போன மாதம் சுண்டுவிரல் நுனியில் உறையைத் தாண்டிக் கத்தி பட்டிருக்கிறது. என்னிடம் கதவு இடித்தது என்று சொன்னார். நான் செக்கர், கதவுக் காயமும் கத்திக் காயமும் எனக்குத் தெரியாதா? தெரிந்தும் வாயைத் திறக்காமல் இருந்தேன், இன்னும் ஒரு வருடம் கையில் இருக்கிறதே என்ற தைரியத்தில். அந்த ஒரு வருடம்தான் இந்த வங்கியில் பத்து நிமிடத்துக்கு முன் காணாமல் போய்விட்டது.

அசலில் கட்டுவதற்கான படிவத்தைக் கொண்டுவரச் சொன்னேன். இவர் வேண்டாம் வேண்டாம் என்றார். கடை உரிமையாளரிடம் வார்த்தை கொடுத்துவிட்டாயே என்றார். உங்கள் விரலுக்கு யார் வார்த்தை கொடுத்தார்கள் என்று கேட்டேன்.

படிவம் மூன்று பக்கம். கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பென்சிலால் குறி போட்டு நீட்டினாள். நான் அந்தக் குறியைப் பார்க்கவில்லை. முதல் பக்கத்தின் முதல் எழுத்தில் விரலை வைத்து ஆரம்பித்தேன். புரியாத ஒவ்வொரு சொல்லுக்கும் நிறுத்தி அர்த்தம் கேட்டேன். 'மேற்படி' என்றால் எது மேற்படி, 'அவ்வப்போது' என்றால் எப்போது எப்போது. அவளுடைய சாப்பாட்டு நேரம் வந்து போய்விட்டது, டப்பாவைத் திறக்கவில்லை, பாவம். வட்டி மாறினால் என்ன செய்ய வேண்டும் என்ற கேள்விக்கு, தவணையை மாற்றவும், காலத்தை மாற்றக்கூடாது என்ற கட்டத்தில் நானே குறி போட்டேன். இருநூற்று நாற்பத்தாறைப் பர்ஸிலிருந்து எண்ணிக் கொடுத்து மூன்று லட்சத்தை நிறைத்தேன். நாற்பது நிமிடம் கழித்துக் கையெழுத்துப் போட்டேன். இந்த முறை வேண்டுமென்றே பக்கத்தில் பதினான்கு என்று எழுதினேன்.

வெளியே வந்ததும் இவர் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார். இவர் கண் கலங்கி நான் பார்த்தது அதற்கு முன் ஒரே ஒரு தடவைதான், மகள் பிறந்த அன்று.

"தவணை ஏறலைன்னு ஒம்பது வருஷமா எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேனே. அயர்ன் மாஸ்டர் என் பேச்சைக் கேட்டுத்தான் லோன் போட்டான்," என்றார்.

எனக்கு அவர்மேல் கோபம் வந்தது, அதைவிட அதிகமாக இரக்கம் வந்தது. அயர்ன் மாஸ்டர் எங்கள் தொழிற்சாலையில் இஸ்திரி போடுகிறவர், மூன்று வருடத்துக்கு முன்தான் வீடு வாங்கினார். அவருக்கும் இந்த மாதிரி ஒரு தாள் வந்திருந்தால், எந்தக் கட்டத்தில் குறி போடுவது என்று இவரே சொல்லியிருப்பார். இன்றைக்கே போய்ச் சொல்லுங்கள், தாளைக் கொண்டுவரச் சொல்லுங்கள், நான் படித்துச் சொல்கிறேன் என்றேன். எழுந்து முகத்தைத் துடைத்துக்கொண்டு தொழிற்சாலைப் பஸ்ஸில் ஏறினார்.

நான் நடந்தே தெருமுனைக்குப் போனேன். கடை உரிமையாளர் மேசையைத் துடைத்து ரசீதுப் புத்தகத்தைத் தயாராக வைத்திருந்தார். முன்பணம் இல்லை, கடை வேண்டாம் என்று சொன்னேன். என்னம்மா ஆச்சு, விலை குறைத்துக் கேட்கிறாயா என்று சிரித்தார். இல்லை, ஒரு சட்டை திரும்பி வந்துவிட்டது என்றேன். அவருக்கு ஒன்றும் புரிந்திருக்காது. சாவி வெட்டுகிற மிஷின் இருந்த இடத்தில் தரையில் சதுரமாக ஒரு தடம் இருந்தது. ஓரம் அடிக்கிற மிஷினை அங்கேதான் போடுவதாக இருந்தேன்.

சாயங்காலம் இவர் வந்ததும் அலமாரிக் கதவைத் திறந்தோம். மகளிடம் எல்லாவற்றையும் சொன்னோம். அவள் துணியைப் பார்த்தாள், ஒன்பது சிவப்பு வரிசை, பதினோரு வெள்ளை வரிசை. அப்படியென்றால் நேற்று இருந்த அதே இடத்தில்தானே இன்றைக்கும் இருக்கிறோம், அம்மா எதற்கு அழுகிறாள் என்று அப்பாவிடம் கேட்டாள். இல்லை, இரண்டு கட்டம் முன்னால் இருக்கிறோம் என்று இவர் எண்ணிக் காட்டினார். வெள்ளையில் இருப்பது நூற்று முப்பத்திரண்டு, கட்ட வேண்டியது நூற்று முப்பது.

கடைசி வரிசையின் கடைசி இரண்டு கட்டத்தை இவர் கத்தரியால் வெட்டி எடுத்தார். கோடு பிசகவில்லை. தையலுக்கு விட வேண்டிய ஓரத்தைக்கூட விட்டிருந்தார், அந்தப் பழக்கம் போகாது. என் கையில் கொடுத்தார். ஓரம் போக இரண்டு இஞ்ச் நீளம், ஒரு இஞ்ச் அகலம். என் கடை. அதைப் பர்ஸில் சிவப்பு அம்புகளோடு வைத்துக்கொண்டு, மறுநாள் காலை எட்டு மணி ஷிஃப்டுக்குப் போய், நான் கொடுத்த கடிதத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டேன்.